கேசட் முதல் கைப்பேசி வரை: குடும்பக் காணொளிக்கு எந்த வடிவம், எந்தப் பெயர், எந்த சப்டைட்டில்?

தைப்பூசம் முடிந்த கையோடு எனக்குக் கேள்விகள் வரத் தொடங்கிவிடும். பினாங்குத் தண்ணீர்மலையில் காவடி எடுத்த தம்பியின் காணொளி மூன்று கைப்பேசிகளில் மூன்று துண்டாகக் கிடக்கிறது, எப்படிச் சேர்த்து வைப்பது என்று ஒருவர் கேட்டார். பட்டர்வொர்த்தில் இருக்கும் ஓர் அக்கா, 1990களில் எடுத்த நான்கு திருமணக் கேசட்டுகளை ஒரு பிளாஸ்டிக் பையில் போட்டுக் கொண்டுவந்து என் மேசைமேல் வைத்தார். கோலாலம்பூர் செந்தூலில் கோயிலுக்காகக் காணொளி எடுக்கும் இளைஞருக்கு வேறு தலைவலி. பார்ப்பவர்களில் பலருக்குத் தமிழ் புரியும், வாசிக்க வராது. மலாயில் வரி போடுவதா, ஆங்கிலத்திலா, அதைப் படத்தோடு பதித்துவிடுவதா, தனியாகக் கொடுப்பதா என்று தெரியாமல் நிற்கிறார்.

மூவருக்கும் ஒரே பதில் பொருந்தாது. ஆனால் மூவரும் தடுமாறும் இடங்கள் மூன்றுதான்: கோப்பை எந்த வடிவத்துக்கு மாற்றுவது, என்ன பெயர் வைப்பது, சப்டைட்டிலை எப்படிச் சேர்ப்பது. இந்த மூன்றிலும் நான் பல ஆண்டுகள் உழன்றிருக்கிறேன். காரணம், 1996இல் எடுத்த ஒரு திருமணக் கேசட். அதில் பந்தி நடக்கும் நேரத்தில் கேமராக்காரர் சும்மா திரும்பியபோது என் பாட்டி மாட்டிக்கொண்டார். கெடாவில் ரப்பர்த் தோட்டத்தில் பால் மரம் சீவிய நாள்களைப் பற்றி ஆறு நிமிடம் பேசுகிறார். அவர் குரல் எங்களிடம் வேறு எங்கும் இல்லை.

## எதை வைத்து முடிவு செய்வது?

நான் ஐந்து கேள்விகளை வைத்துப் பார்க்கிறேன்.

- இருபது ஆண்டு கழித்து, இன்று இல்லாத ஒரு கருவியில் இது திறக்குமா?
- இன்று செய்யும் தவற்றை நாளை திருத்த முடியுமா?
- இப்போது பார்க்க வேண்டியவர் எதில் பார்க்கப் போகிறார்? அம்மாவின் பழைய தொலைக்காட்சியிலா, வாட்ஸ்அப்பிலா, கணினியிலா?
- எவ்வளவு நேரமும் இடமும் பிடிக்கும்?
- நான் பக்கத்தில் இல்லாதபோது என் மகளால் இதைத் தேடி எடுக்க முடியுமா?

இவற்றில் இரண்டாவது கேள்விக்குத்தான் நான் அதிக எடை கொடுப்பேன். இடம் போதவில்லை என்றால் இன்னொரு ஹார்ட் டிஸ்க் வாங்கிக்கொள்ளலாம். அழித்துவிட்ட மூலத்தை வாங்க எந்தக் கடைக்கும் போக முடியாது.

## முதல் முடிவு: எந்த வடிவத்துக்கு மாற்றுவது?

முதலில் ஒரு குழப்பத்தைத் தீர்த்துக்கொள்வோம். எம்பி4, எம்கேவி, எம்ஓவி, ஏவிஐ என்று கோப்புப் பெயரின் வாலில் நிற்பவை பாத்திரத்தின் பெயர்கள். உள்ளே இருக்கும் பண்டம் வேறு. டிபன் கேரியரை நினைத்துக்கொள்ளுங்கள். ஓர் அடுக்கில் படம், ஓர் அடுக்கில் ஒலி, இன்னோர் அடுக்கில் சப்டைட்டில். எச்.264, எச்.265, எம்பெக்-2 என்பவை படம் என்ற அடுக்கில் இருப்பதைச் சமைத்த முறைகள். சாப்பாட்டை அப்படியே எடுத்து வேறு கேரியரில் வைப்பது ஒரு வேலை. திரும்பச் சமைப்பது வேறு வேலை. முன்னதில் தரம் துளியும் குறையாது, சில நிமிடங்களில் முடிந்துவிடும். பின்னதில் ஒவ்வொரு முறையும் கொஞ்சம் குறையும், மணிக்கணக்கில் நேரமும் ஆகும்.

| வழி | படத்தரம் | எங்கே ஓடும் | கண்ணில் படாத செலவு | யாருக்கு ஏற்றது |
|---|---|---|---|---|
| பாத்திரம் மட்டும் மாற்றுவது | மூலம் அப்படியே | கணினியில் எளிதாக. பழைய தொலைக்காட்சியில் சந்தேகம் | இடம் அதிகம் பிடிக்கும் | பாதுகாத்து வைக்கும் மூலப்படிக்கு |
| எச்.264, எம்பி4 | சற்றுக் குறையும் | ஏறக்குறைய எல்லாவற்றிலும் | மாற்றும் நேரம் | உறவினருக்குக் கொடுக்கும் படிக்கு |
| எச்.265 | அதே தரத்துக்குப் பாதியளவு இடம் வரை மிச்சம் | புதிய கருவிகளில் | பழைய கருவியில் கறுப்புத்திரை, மாற்ற நெடுநேரம் | 4கே காணொளி நிறைய வைத்திருப்பவருக்கு |
| கடையில் கொடுப்பது | கடையைப் பொறுத்தது | கேட்டு வாங்குவதைப் பொறுத்தது | தவறு நடந்தால் கேசட்டை மறுபடி கொடுக்க வேண்டும் | கேசட் வைத்திருப்பவருக்கு |

### பாத்திரத்தை மட்டும் மாற்றுவது

திருமண டிவிடியைக் கணினியில் திறந்தால் ஒரே படமாக இருக்காது. ஒவ்வொன்றும் 1 ஜிபிக்கு மிகாத துண்டுகளாக இருக்கும். டிவிடியின் விதியே அப்படி. அந்தத் துண்டுகளை மட்டும் நகலெடுத்து வைத்தவர்கள் நிறையப் பேர். மாலை மாற்றுவது ஒரு கோப்பிலும் தாலி கட்டுவது அடுத்த கோப்பிலும் கிடக்கும். மேக்எம்கேவி என்ற மென்பொருளில் அந்த வட்டைக் கொடுத்தால், படத்தைத் திரும்பச் சமைக்காமல் ஒரே எம்கேவி கோப்பாகக் கோத்துத் தந்துவிடும். கேம்கார்டரின் எம்டிஎஸ் கோப்புகளுக்கு எம்கேவிடூல்நிக்ஸ் இதே வேலையைச் செய்யும். கட்டளை வரிக்குப் பழகியவர்களுக்கு எஃப்எஃப்எம்பெக் இருக்கிறது.

இதில் இன்னொரு நன்மை உண்டு. எங்கள் 1996 கேசட்டை 2011இல் ஜார்ஜ்டவுனில் ஒரு கடையில் கொடுத்து டிவிடியாக்கினோம். வாங்கிவந்து பார்த்தால் எல்லோருடைய முகமும் பூசணிக்காயாக அகன்றிருந்தது. 4:3 விகிதத்தில் எடுத்த படத்தை அகலத்திரைக்கு உரியது என்று கடையில் குறித்திருந்தார்கள். நல்லவேளையாக, படம் கெடவில்லை; குறிப்பு மட்டும்தான் தவறு. எம்கேவிடூல்நிக்ஸில் காட்சி விகிதத்தை 4:3 என்று மாற்றிச் சேமித்தேன். ஐந்து நிமிட வேலை, ஒரு புள்ளிகூடக் குறையவில்லை. பாட்டி தன் பழைய முகத்துக்குத் திரும்பினார்.

### எச்.264 எம்பி4

ஊருக்குக் கொடுக்க இதுவே நல்லது. 2003இல் வந்த முறை என்பதால் கைப்பேசி, தொலைக்காட்சி, கார் திரை என்று எங்கும் ஓடும். ஹேண்ட்பிரேக் என்ற இலவச மென்பொருள் போதும். அதில் தர எண் ஒன்று உண்டு. எண் குறையக் குறையத் தரம் கூடும். டிவிடி அளவுப் படத்துக்கு 18 முதல் 22 வரை, 1080 அளவுக்கு 20 முதல் 24 வரை என்பது அதன் ஆவணங்களே சொல்லும் அளவு. குடும்பப் படங்களுக்கு நான் 20இல் நிறுத்துகிறேன்.

இங்கே இரண்டு இடத்தில் கவனம் தேவை. ஒன்று, ஹேண்ட்பிரேக்கில் எதைப் போட்டாலும் படத்தைத் திரும்பச் சமைக்கும். எம்கேவியை எம்பி4ஆக மாற்றத்தானே செய்கிறோம், தரம் எப்படிக் குறையும் என்று நினைத்து, மாற்றியதை வைத்துக்கொண்டு மூலத்தை அழித்தவர்களை எனக்குத் தெரியும்.

இரண்டு, பழைய கேசட்டும் டிவிடியும் நம் நாட்டில் 'பால்' (PAL) என்ற தொலைக்காட்சி முறையில் இருக்கும். நொடிக்கு 25 படம், ஒவ்வொன்றும் ஒற்றை வரி, இரட்டை வரி என்று இரண்டு பாதியாகப் பிரிந்திருக்கும். அதைப் புதிய திரையில் அப்படியே போட்டால், அசையும் இடங்களில் சீப்புப் பல்போல் கோடு விழும். தவில்காரரின் கையைப் பாருங்கள், உடனே தெரியும். மாற்றும்போது கோடு நீக்கும் வடிகட்டியைப் போட வேண்டும். அதிலேயே இரண்டு பாதிகளையும் தனித்தனிப் படமாக்கி நொடிக்கு 50 ஆக்கும் தேர்வு இருக்கிறது. அதைத்தான் தேர்ந்தெடுங்கள். காவடி சுழலும் வேகமும் தவில்காரரின் விரலோட்டமும் அதில்தான் உயிரோடு இருக்கும். 25இல் பாதி அசைவு காணாமல் போய்விடும்.

### எச்.265

2013இல் வந்தது. இடம் மிச்சம் என்பது உண்மை. ஐபோன்களும் 2017 முதல் இந்த முறையில் பதியத் தொடங்கின. ஆனால் உங்கள் பெரியப்பா வீட்டுத் தொலைக்காட்சி அதற்கு முந்தையது என்றால் குரல் கேட்கும், படம் வராது. சில விண்டோஸ் கணினிகளில் தனியாக ஒரு நீட்சியை வாங்கி நிறுவ வேண்டியிருக்கும். கைப்பேசியே எச்.265இல் எடுத்திருந்தால் அதை அப்படியே மூலமாக வைத்துக்கொள்ளுங்கள். இடம் மிச்சப்படுத்துவதற்காக ஏற்கெனவே இருக்கும் எச்.264 கோப்புகளை இதற்கு மாற்றுவதை நான் சிபாரிசு செய்ய மாட்டேன்.

### கடையில் கொடுப்பது

விஎச்எஸ் கேசட் என்றால் வேறு வழி குறைவு. கேசட் ஓட்டும் இயந்திரத்தைக் கடைசிவரை தயாரித்துவந்த ஜப்பானின் ஃபுனாய் நிறுவனம் 2016 ஜூலையில் அதை நிறுத்திவிட்டது. பினாங்கின் ஈரக்காற்றில் கேசட்டுக்குள் வெள்ளையாகப் பூஞ்சை பிடிக்கும். கேசட்டின் சன்னல் வழியாக நாடாவின் ஓரத்தைப் பாருங்கள். மாவு தூவியதுபோல் இருந்தால் வீட்டு இயந்திரத்தில் போடாதீர்கள். நாடாவும் அறும், இயந்திரத்தின் தலையும் அழுக்காகி அடுத்த கேசட்டையும் கெடுக்கும். பூஞ்சை துடைக்கத் தெரிந்த கடையா என்று கேட்டுக் கொடுங்கள்.

கடைக்காரரிடம் சொல்ல வேண்டியவை: டிவிடி வேண்டாம், கோப்பாகக் கொடுங்கள். 4:3 விகிதத்தை மாற்றாதீர்கள். பின்னணிப் பாட்டுச் சேர்க்காதீர்கள். எச்டி ஆக்கித் தருகிறோம் என்றால், ஆக்காததையும் சேர்த்துக் கொடுங்கள். பாட்டுச் சேர்ப்பதுதான் இவற்றில் கொடுமை. நாதஸ்வர ஓசையும் பந்தியில் எழும் பேச்சும் இருந்த இடத்தில் சினிமாப் பாட்டைப் போட்டுவிட்டால் அந்தக் கோப்பிலிருந்து அந்தக் குரல்களைத் திரும்ப எடுக்க வழியே கிடையாது.

நேரலையாகப் பதிவு செய்யும் கோயில் குழுக்களுக்கு ஒரு வார்த்தை. பதியும்போது எம்பி4 வேண்டாம். எம்பி4இன் உள்ளடக்க அட்டவணை பெரும்பாலும் பதிவு முடியும்போதுதான் எழுதப்படுகிறது. நடுவில் மின்சாரம் போனால் மூன்று மணிநேரக் கும்பாபிஷேகம் திறக்கவே திறக்காத கோப்பாக நிற்கும். எம்கேவியில் பதிந்தால் மின்சாரம் போன நொடிவரை கையில் இருக்கும். பிறகு பாத்திரத்தை மாற்றிக்கொள்ளலாம்.

## இரண்டாவது முடிவு: என்ன பெயர்?

### கேமரா வைத்த பெயர்

எம்விஐ 0043 என்பதுபோல் கிடப்பவை. எந்தக் கருவியிலும் உடையாது. ஆனால் யாருக்கும் எதையும் சொல்லாது. கேமராவின் எண்ணிக்கை 9999ஐத் தாண்டியதும் மறுபடி முதலிலிருந்து தொடங்கும். இரண்டு விழாக்களுக்கு ஒரே பெயர் வந்து, ஒன்றின்மேல் ஒன்றை நகலெடுத்து ஒன்றை இழப்பது இப்படித்தான்.

### தமிழ் எழுத்தில் பெயர்

எனக்குப் பிடித்தது இதுதான். இன்றைய விண்டோஸ், மேக், ஆண்ட்ராய்டு எல்லாம் யூனிகோடு தமிழைத் தாங்குகின்றன. முரசு அஞ்சல் என்ற தமிழ் மென்பொருள் 1985இல் நம் நாட்டில் முத்து நெடுமாறன் கையில் பிறந்த நாள்முதல், கணினியில் தமிழுக்காக இவ்வளவு உழைப்பு நடந்திருக்கிறது. கோப்புப் பெயரில் மட்டும் நாம் ஏன் தமிழை ஒதுக்க வேண்டும்?

ஆனால் இடறும் இடங்களையும் சொல்லிவிட வேண்டும். யூனிகோடு எழுத்தைச் சேமிக்கும் யுடிஎஃப்-8 முறையில் ஒவ்வொரு தமிழ்க் குறியீடும் 3 பைட் பிடிக்கும். எழுத்து ஒரு குறியீடு, அதோடு சேரும் கொம்போ புள்ளியோ இன்னொரு குறியீடு. தைப்பூசம் என்ற சொல்லுக்கு மட்டும் 27 பைட்; ரோமன் எழுத்தில் எழுதினால் 9. வீட்டுச் சேமிப்புப் பெட்டிகள் பலவற்றில் ஒரு பெயருக்கு 255 பைட்தான் எல்லை. ஆகவே 85 குறியீட்டைத் தாண்டினால் நகலெடுப்பு பாதியில் நிற்கும். பழைய தொலைக்காட்சிகளும் கார் திரைகளும் கட்டம் கட்டமாகக் காட்டும். பழைய மென்பொருளில் சுருக்கிக் கட்டிய சிப் (zip) கோப்பைப் பிரித்தால் எழுத்து சிதறும்.

இன்னொன்று நுட்பமானது. கொ, கோ போன்ற எழுத்துகளில் வரும் கொம்பையும் காலையும் ஒரே குறியீடாகவும் சேமிக்கலாம், இரண்டாகப் பிரித்தும் சேமிக்கலாம். மேக் கணினிகளின் பழைய கோப்பு முறை பிரித்தே வைக்கும். கண்ணுக்கு இரண்டும் ஒன்றுதான். ஆனால் அந்த வட்டிலிருந்து வந்த 'கோயில்' என்ற பெயரை விண்டோஸில் தட்டச்சு செய்து தேடினால் கிடைக்காமல் போகலாம். என் நண்பர் வீட்டில் இதற்காக ஒரு மாலை முழுதும் தேடியிருக்கிறோம். கோப்பு கண்முன்னேதான் இருந்தது.

### ரோமன் எழுத்தில் பெயர்

எந்தப் பெட்டியிலும் உடையாது. பேரப்பிள்ளைகள் சீனப் பள்ளியிலும் தேசியப் பள்ளியிலும் படித்து வளரும் வீடுகளில், பிற்காலத்தில் தேடப் போகிறவர்கள் அவர்கள்தான். அவர்களுக்கு இது கைகொடுக்கும். மறைந்திருக்கும் செலவு எழுத்துக்கூட்டலில் இருக்கிறது. லட்சுமி என்ற ஒரே பெயரை லெட்சுமி என்றும் லெச்சுமி என்றும் நம் பிறப்புச் சான்றிதழ்களில் ரோமன் எழுத்தில் எத்தனை விதமாக எழுதியிருக்கிறார்கள்! கல்யாணமும் அப்படியே, தைப்பூசமும் அப்படியே. இன்று ஒரு விதமாக எழுதி, அடுத்த ஆண்டு வேறு விதமாக எழுதினால் தேடலில் பாதி விழும். தமிழ் எழுத்தில் இந்தத் தொல்லை பெரிதும் குறைவு.

### நான் என்ன செய்கிறேன்

எதுவானாலும் முதலில் ஆண்டு, பிறகு மாதம், பிறகு நாள், கோடிட்டுப் பிரித்து எண்ணில் எழுதுகிறேன். 1996-06-09 என்பதுபோல். எழுத்து உடைந்தாலும் எண் நிற்கும். பட்டியலும் தானே கால வரிசையில் அமரும். நாள் தெரியாவிட்டால் ஆண்டோடு நிறுத்துவேன், ஊகித்து எழுத மாட்டேன். அதன்பின் இடம், அதன்பின் நிகழ்ச்சி. பாதுகாக்கும் மூலப்படிக்குத் தமிழ்: '1996-06-09 பட்டர்வொர்த் சித்தப்பா திருமணம் 2'. பென் டிரைவில் ஊர் சுற்றும் படிக்கு ரோமன், எழுத்துக்கூட்டல் பட்டியல் ஒன்றை எழுதிவைத்துக்கொண்டு. கேள்விக்குறி, முக்காற்புள்ளி, சாய்கோடு, நட்சத்திரக்குறி ஆகியவற்றை விண்டோஸ் ஏற்காது என்பதால் எங்கும் போடுவதில்லை.

'சித்தப்பா' என்று எழுதினேனே, அதைப் பிறகு மாற்றிவிட்டேன். எனக்குச் சித்தப்பா, என் மகளுக்குத் தாத்தா, அவருடைய பேரனுக்கு யாரோ. கோப்பில் ஆளின் பெயரை எழுதுங்கள், முறையை எழுதாதீர்கள்.

## மூன்றாவது முடிவு: சப்டைட்டில்

பலர் அவசரப்பட்டுத் தவறுவது இங்கேதான்.

### படத்திலேயே பதிப்பது

எழுத்து படத்தின் பகுதியாகிவிடும். வாட்ஸ்அப்பில் அனுப்பினாலும், எவ்வளவு பழைய தொலைக்காட்சியில் போட்டாலும் தெரியும். தமிழ் எழுத்து உடையுமோ என்ற பயமும் இல்லை. நீங்கள் தேர்ந்த எழுத்துருவே எல்லோருக்கும் தெரியும். சில தொலைக்காட்சிகள் தமிழ் சப்டைட்டிலைத் தாமே வரையும்போது கொம்பைத் தப்பான பக்கத்தில் வைக்கும், புள்ளியைத் தனியே நிறுத்தும். அந்த அலங்கோலம் இதில் கிடையாது.

செலவு? ஓர் எழுத்துப் பிழையைக் கண்டால் படம் முழுவதையும் திரும்பச் சமைக்க வேண்டும். மலாய் வேண்டும் என்பவருக்குத் தனிப்படி, ஆங்கிலத்துக்குத் தனிப்படி. வரி வேண்டாம் என்பவருக்கு மறைக்க வழியில்லை. பாட்டியின் கையை அது மறைத்தாலும் மறைத்ததுதான்.

உறவினர் ஒருவர் தன் தந்தையின் மணிவிழாக் காணொளியில் வரிகளைப் பதித்துவிட்டு, இடத்தை மிச்சப்படுத்த மூலத்தை அழித்துவிட்டார். தாய்மாமனின் பெயரில் ஓர் எழுத்து விட்டுப்போயிருந்ததை மாமாவே பார்த்துச் சொன்னார். அது இன்னும் அப்படியேதான் இருக்கிறது.

### கோப்புக்குள் ஓர் அடுக்காக வைப்பது

எம்கேவியில் தமிழ், மலாய், ஆங்கிலம் என்று எத்தனை அடுக்கும் வைக்கலாம். எழுத்துருவைக்கூட உள்ளே இணைத்துவிடலாம். எம்பி4 எளிய எழுத்து வரிகளை மட்டும் தாங்கும். நிறம், இடம், அலங்காரம் கொண்ட ஏஎஸ்எஸ் வகை அதில் நிற்காது. ஒரே கோப்பு என்பதால் தொலைந்துபோகாது. திருத்த வேண்டுமானால் அடுக்கை எடுத்து, திருத்தி, திரும்ப வைக்கலாம், படம் கெடாது. ஆனால் வாட்ஸ்அப் இந்த அடுக்கைக் காட்டாது. சில தொலைக்காட்சிகளும் கண்டுகொள்வதில்லை. கோப்பை யாராவது வேறு மென்பொருளில் போட்டு மாற்றினால் அடுக்கு சத்தமில்லாமல் விழுந்துவிடும்.

### தனிக் கோப்பாக வைப்பது

எஸ்ஆர்டி என்பது வெறும் எழுத்துக் கோப்பு. வரிசை எண், தோன்றும் நேரம், மறையும் நேரம், சொல், பிறகு ஒரு வெற்றுவரி. பாட்டியின் கோப்பிலிருந்து ஒன்று:

14
00:01:22,400 --> 00:01:27,600
விடியற்காலை நான்கு மணிக்குப் பெரட்டு.
பிள்ளையை ஆயாக் கொட்டகையில் விட்டுவிட்டு ஓடுவோம்.

இவ்வளவுதான். நோட்பேடில் திறந்து திருத்தலாம். ஒரு மணிநேரப் பேச்சுக்கும் 100 கேபி அளவுதான் ஆகும், மின்னஞ்சலில் அனுப்பிவிடலாம். எல்லா வரிகளிலும் தேடலாம்: 'ஆயாக் கொட்டகை' என்று தேடினால் பாட்டி அதைச் சொன்ன நொடி கிடைக்கும். எழுத்துக் கோப்பு என்பதால் இருபது ஆண்டு கழித்தும் திறக்கும் என்று நம்பலாம்.

செலவு இரண்டு. படத்தின் பெயரும் இதன் பெயரும் ஒன்றாக இருக்க வேண்டும்; வாலுக்கு முன் தமிழுக்கு 'டிஏ', மலாய்க்கு 'எம்எஸ்', ஆங்கிலத்துக்கு 'இஎன்' என்னும் ரோமன் எழுத்து மொழிக்குறியீட்டைச் சேர்க்கலாம். பெயரை மாற்றினாலோ, படத்தை மட்டும் நகலெடுத்தாலோ பிரிந்துவிடும். அடுத்தது, சேமிக்கும்போது யுடிஎஃப்-8 என்று தேர்ந்தெடுக்க வேண்டும். தஸ்கி போன்ற பழைய குறியேற்றத்தில் தட்டச்சு செய்த கோப்பைப் போட்டால் திரையில் அர்த்தமில்லாத கிறுக்கல்தான் ஓடும்.

## வரிகளை எழுதும் வேலை: எந்திரமா, கையா?

2022இல் வெளியான விஸ்பர் என்ற இலவச எந்திரம் தமிழும் மலாயும் கேட்டு எழுதும். நேரக்குறிகளைத் தந்துவிடும் என்பதால் பாதி உழைப்பு குறையும். கோயில் சொற்பொழிவு, மேடைப்பேச்சு என்றால் இதில் தொடங்கி, சப்டைட்டில் எடிட் என்ற இலவச மென்பொருளில் திருத்துவதே நல்லது.

வீட்டுப் பேச்சு என்றால் கதை வேறு. பாட்டி பேசுவது தோட்டத்துத் தமிழ். வேலைக்கு ஆள் கணக்கெடுப்பதைப் பெரட்டு என்பார். பால் வடியும் கிண்ணம் மங்கு. ரப்பர் அவருக்குக் கித்தா. எந்திரத்துக்கு இவற்றில் ஒன்றும் தெரியாது. 'பெரட்டு' என்பதை 'புரட்டு' என்று எழுதிவைத்தது. ஆறு நிமிடப் பேச்சுக்கு நான் ஒரு மணிநேரத்துக்குமேல் உட்கார்ந்தேன், அதில் ஒரு நிமிடமும் வீண் இல்லை. இந்தச் சொற்கள் தோட்டங்களோடு போய்க்கொண்டிருக்கின்றன. அவர் சொன்னபடியே எழுதுங்கள். மரப்பால் கிண்ணம் என்று நாகரிகப்படுத்தாதீர்கள்.

மொழிபெயர்ப்பில் முறைப்பெயரைத் தொடாதீர்கள் என்பேன். அத்தை, சித்தி, பெரியம்மா மூவரையும் மலாயில் 'மக் சிக்' ஆக்கிவிட்டால் யார் அப்பா வழி, யார் அம்மா வழி என்பதே போய்விடும். அத்தை என்பதை ரோமன் எழுத்தில் அப்படியே விடுங்கள். நம் பிள்ளைகளுக்கு வாசிக்க வராவிட்டாலும் அத்தை யார் என்று தெரியும்.

திரையில் இரண்டு வரிக்குமேல் வேண்டாம். தமிழில் ஒரு சொல்லே நீண்டு ஓடும் என்பதால், வாக்கியத்தைச் சுருக்கத் தோன்றும். நேரம் போதாவிட்டால் மட்டும் சுருக்குங்கள்.

## யாருக்கு எது?

பட்டர்வொர்த் அக்காவுக்கு: வேறு எதையும் யோசிக்காமல் கேசட்டுகளை முதலில் கடையில் கொடுத்துக் கோப்பாக்குங்கள். வந்ததை எம்கேவியாக இரண்டு ஹார்ட் டிஸ்கில் வையுங்கள், ஒன்றை வேறு வீட்டில். அதிலிருந்து எச்.264 எம்பி4 படி ஒன்று எடுத்துப் பிள்ளைகளுக்குக் கொடுங்கள். சப்டைட்டில் பிறகு பார்த்துக்கொள்ளலாம்.

தைப்பூசத் தம்பியின் அண்ணனுக்கு: மூன்று கைப்பேசிகளிலிருந்தும் வாட்ஸ்அப்பில் சாதாரணக் காணொளியாக வாங்காதீர்கள், அது சுருக்கிவிடும். ஆவணமாக அனுப்பச் சொல்லுங்கள், 2 ஜிபி வரை போகும், தரம் அப்படியே வரும். அல்லது கம்பியில் எடுங்கள். பென் டிரைவ் ஃபேட்32 முறையில் இருந்தால் 4 ஜிபியை எட்டும் கோப்பு ஏறாது. எக்ஸ்ஃபேட் முறைக்கு மாற்றுவதற்கு முன் வீட்டுத் தொலைக்காட்சி அதைப் படிக்கிறதா என்று பாருங்கள்.

செந்தூல் இளைஞருக்கு: யூடியூபில் ஏற்றுவதற்குத் தனி எஸ்ஆர்டி கோப்புகள், மூன்று மொழியிலும். பார்ப்பவர் தனக்கு வேண்டியதைத் தேர்ந்துகொள்வார். வாட்ஸ்அப்பில் சுற்றவிடும் இரண்டு நிமிடத் துண்டுக்கு மட்டும் மலாய் வரியைப் படத்தில் பதியுங்கள். அந்தத் துண்டு அழிந்தால் இன்னொன்று செய்துகொள்ளலாம். முழுப்படத்தில் பதிக்க வேண்டாம்.

எங்கள் வீட்டில் மூலம் எம்கேவி, பக்கத்தில் மூன்று எஸ்ஆர்டி. பாட்டி பேசும்போது அவருக்குப் பின்னால் பச்சைச் சேலை கட்டிய ஒரு பெண் கையைத் துடைத்துக்கொண்டு நின்று சிரிப்பார். யாரென்று எங்களில் ஒருவருக்கும் தெரியவில்லை. போன தீபாவளிக்குக் கூலிமிலிருந்து வந்த பெரியம்மா பார்த்த உடனே சொன்னார்: ஒரே லயத்தில் (தோட்டத்து வரிசை வீடுகளில்) அடுத்த வீட்டில் இருந்தவர், பாட்டி பால் வெட்டப் போகும்போதெல்லாம் என் அப்பாவைப் பார்த்துக்கொண்டவர். பெரியம்மா தேநீர் குடித்து முடிப்பதற்குள் மூன்று கோப்புகளையும் திறந்து, 00:02:10 என்ற இடத்தில் அவருடைய பெயரை ஒரு வரியாகச் சேர்த்துச் சேமித்தேன். படக்கோப்பைத் தொடவே இல்லை.